சாண்டோஸின் நினைவு நூலும் கொலம்பியாவின் போரும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கொலம்பியாவின் முன்னாள் குடியரசுத் தலைவர் ஹுவான் மனுவேல் சாண்டோஸ் 2019-இல் ‘லா பதாயா போர் லா பாஸ்’ என்ற நினைவு நூலை ஸ்பானிய மொழியில் வெளியிட்டார். ‘சமாதானத்துக்கான சமர்’ என்று சொல்லலாம். 2021-இல் ஆங்கிலத்திலும் வந்தது. ஃபார்க் என்ற இடதுசாரிக் கெரில்லா இயக்கத்துடன் ஐம்பது ஆண்டுகளுக்கும் மேலாக நீண்ட ஒரு போரைப் பேசி முடித்த கதையை, பேச அனுப்பியவரே சொல்லும் நூல் இது. இதைக் கையில் எடுக்கிறவர்களுக்கு எழும் கேள்விகளையும், என்னால் முடிந்த பதில்களையும் இங்கே தருகிறேன்.

சாண்டோஸ் யார்? கிளர்ச்சிக்காரர்களிடம் பரிவு கொண்ட இடதுசாரியா?

இல்லை. தலைநகர் பொகோட்டாவின் மேல்தட்டுக் குடும்பத்தில் 1951-இல் பிறந்தவர். நாட்டின் பெரிய நாளேடான ‘எல் டியெம்போ’ பல தலைமுறைகளாக அந்தக் குடும்பத்தின் கையில் இருந்தது. தாத்தா முறையான எட்வார்டோ சாண்டோஸ் 1938 முதல் 1942 வரை குடியரசுத் தலைவர். ஹுவான் மனுவேல் கார்த்தஹேனாவில் கடற்படைப் பயிற்சி பெற்று, பொருளாதாரம் படித்து, லண்டனில் கொலம்பியக் காப்பி வணிகத்தின் பிரதிநிதியாக இருந்து, வெளிநாட்டு வர்த்தகம், நிதி, பாதுகாப்பு என்று மூன்று துறைகளுக்கு, மூன்று வெவ்வேறு தலைவர்களின் கீழ் அமைச்சரானவர்.

போர் அந்தக் குடும்பத்தையும் விட்டுவைக்கவில்லை. சித்தப்பா பெரியப்பா மகன் முறையான பிரான்சிஸ்கோ சாண்டோஸை 1990-இல் போதைப்பொருள் கும்பல் தலைவன் பாப்லோ எஸ்கோபாரின் ஆட்கள் கடத்தினார்கள். உயிரோடு மீண்ட அவர் பிறகு துணைக் குடியரசுத் தலைவரானார். கியூபாவின் ஹவானாவில் ஃபார்க்குடன் பேசி எட்டிய ஒப்பந்தத்தைக் கடுமையாக எதிர்த்தவர்களில் அவரும் ஒருவர். மாறாக, சாண்டோஸின் மூத்த அண்ணன் என்ரிக்கே, இளமையில் இடதுசாரிப் பத்திரிகை நடத்தியவர், கெரில்லாக்களுடன் நடந்த முதல் ரகசியச் சந்திப்புகளுக்கு அரசின் பக்கம் உட்கார்ந்தார். ஒரே வீட்டுக்குள் நாடு இரண்டாகப் பிரிந்து கிடந்தது.

அந்தப் போர் எதற்காக நடந்தது?

முதலில் நிலம். கொலம்பியாவில் நல்ல விளைநிலம் சிலர் கையில் குவிந்து கிடந்தது. உழுகிறவன் மலைக்கும் காட்டுக்கும் தள்ளப்பட்டான். அடுத்தது அரசியல் கதவடைப்பு. 1948 ஏப்ரல் 9 அன்று மக்கள் தலைவர் ஹோர்ஹே எலியேசர் கைத்தான் பொகோட்டா தெருவில் சுட்டுக் கொல்லப்பட்டார். அதன் பின் லிபரல், கன்சர்வேட்டிவ் கட்சிக்காரர்கள் பத்தாண்டு காலம் ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டதில் சுமார் 2,00,000 பேர் மாண்டார்கள். 1958-இல் அந்த இரு கட்சிகளும் சமரசமாகி, ஆட்சியை முறை வைத்துப் பகிர்ந்துகொண்டன. மூன்றாவது குரலுக்கு இடமே இல்லை.

1964-இல் மார்கெத்தாலியா என்ற மலைப்பகுதியில் ஆயுதம் தரித்து வாழ்ந்த விவசாயிகள் மீது ராணுவம் பாய்ந்தது. தப்பியவர்கள் மனுவேல் மருலாந்தா தலைமையில் திரண்டதுதான் ஃபார்க் இயக்கத்தின் தொடக்கம். அதே ஆண்டில் இஎல்என் என்ற இன்னொரு இயக்கமும் பிறந்தது.

கொக்கெயின் பணம் வந்ததும் எல்லாம் மாறிப்போயிற்று. ஃபார்க் அதில் வரி வாங்கியது, ஆட்களைக் கடத்திப் பணம் பறித்தது, சிறுவர்களைப் படையில் சேர்த்தது. பண்ணையார்களும் போதைக் கும்பல்களும் வளர்த்த வலதுசாரி ஆயுதக் குழுக்கள் கெரில்லா வேட்டை என்ற பெயரில் ஊர் ஊராக அழித்தன; பல இடங்களில் ராணுவத்தினர் அதற்கு உடந்தை. சமாதான ஒப்பந்தத்தின்படி அமைந்த உண்மை ஆணையம் 2022-இல் தந்த கணக்கில், 1985 முதல் 2018 வரை கொல்லப்பட்டவர்கள் 4,50,664 பேர். அதில் 45 விழுக்காடு வலதுசாரிக் குழுக்கள் செய்தது, 27 விழுக்காடு கெரில்லாக்கள், 12 விழுக்காடு அரசுப் படையினர். ஊரை விட்டு ஓடியவர்கள் 77 லட்சத்துக்கும் மேல். ‘அரசுக்கும் தீவிரவாதிகளுக்கும் நடந்த சண்டை’ என்று ஒற்றை வரியில் சொல்லும் செய்திகளைப் படிக்கும்போது இந்தக் கணக்கை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இதற்கு முன் யாரும் பேசிப் பார்க்கவில்லையா?

பலர் முயன்றார்கள். 1980-களில் ஃபார்க்குடன் நடந்த பேச்சின் பலனாக 1985-இல் யூனியன் பத்ரியோத்திக்கா என்ற இடதுசாரிக் கட்சி உருவானது. அதன் குடியரசுத் தலைவர் வேட்பாளர்கள் இருவர், நாடாளுமன்ற உறுப்பினர்கள், மேயர்கள், அடிமட்டத் தொண்டர்கள் என்று ஆயிரக்கணக்கானோர் தேடித் தேடிக் கொல்லப்பட்டார்கள். இதற்குக் கொலம்பிய அரசே பொறுப்பு என்று அமெரிக்க நாடுகளின் மனித உரிமை நீதிமன்றம் 2023-இல் தீர்ப்பளித்தது. ஆயுதத்தைக் கீழே வைத்தால் சாவுதான் என்று கெரில்லாக்கள் நம்பியதற்கு இந்த ரத்தம் ஒரு பெரிய காரணம்.

அடுத்து ஆந்த்ரேஸ் பாஸ்த்ரானா. 1998-இல் பதவிக்கு வந்தவர், கேரளத்தை விடப் பெரிய, 42,000 சதுர கிலோமீட்டர் நிலப்பரப்பிலிருந்து படைகளை விலக்கி அங்கே பேச அழைத்தார். 1999 ஜனவரியில் தொடக்க விழாவுக்கு மருலாந்தா வரவேயில்லை. மேடையில் பாஸ்த்ரானாவுக்குப் பக்கத்தில் வெறும் பிளாஸ்டிக் நாற்காலி. 2002-இல் பேச்சு முறிந்தது. அந்த வெறும் நாற்காலிப் படம் கொலம்பியர்கள் மனதில் பதிந்துபோயிற்று. அதே ஆண்டில் கடும்போக்குக்காரரான ஆல்வரோ உரிபே வென்றார். அவருடைய தந்தை 1983-இல் கடத்தல் முயற்சியில் கொல்லப்பட்டவர். ஃபார்க்தான் கொன்றது என்பது உரிபேயின் உறுதியான நம்பிக்கை.

பாதுகாப்பு அமைச்சராக சாண்டோஸ் என்ன செய்தார்?

2006 முதல் 2009 வரை உரிபேயின் பாதுகாப்பு அமைச்சர் அவர். 2008 மார்ச் 1 அன்று ஈக்வடார் எல்லைக்குள் குண்டு வீசி ஃபார்க்கின் இரண்டாம் நிலைத் தலைவர் ரவுல் ரேயெஸைக் கொன்றார்கள். அண்டை நாட்டின் மண்ணில் அனுமதியின்றி நடந்த தாக்குதல் அது. ஈக்வடாரும் வெனிசுவேலாவும் எல்லைக்குப் படை அனுப்பின.

அதே ஆண்டு ஜூலை 2 அன்று நடந்த ‘ஹாக்கே’ மீட்பு நடவடிக்கை அவருக்கு உலகப் பெயர் வாங்கித் தந்தது. சதுரங்கத்தில் ராஜாவுக்கு வைக்கும் ‘செக்’ என்பதுதான் அந்தப் பெயர். ஃபார்க்கின் வானொலித் தொடர்புகளுக்குள் உளவுத்துறை புகுந்து, தலைமையின் குரலில் காவலர்களுக்கும் காவலர்களின் குரலில் தலைமைக்கும் செய்தி அனுப்பியது. குவாவியாரே காட்டில் வெள்ளை அடித்த ஹெலிகாப்டர் இறங்கியது. மனிதாபிமான அமைப்பினர், செய்தியாளர், கேமராக்காரர் என்று வேடமிட்ட உளவாளிகள் இறங்கினார்கள். ஆறு ஆண்டுகளுக்கு மேல் பிணைக்கைதியாக இருந்த முன்னாள் குடியரசுத் தலைவர் வேட்பாளர் இன்கிரிட் பெத்தான்கூர், மூன்று அமெரிக்கர்கள், 11 ராணுவ, போலீஸ்காரர்கள் என 15 பேரைக் கைகளைக் கட்டி ஏற்றினார்கள். வண்டி மேலே எழுந்ததும் கூட வந்த கெரில்லாத் தளபதியை மடக்கிக் கீழே தள்ளி, “நாங்கள் கொலம்பிய ராணுவம், நீங்கள் விடுதலை” என்றார்கள். ஒரு தோட்டாகூட வெடிக்கவில்லை. ஆனால் வேடமிட்ட ஒருவர் செஞ்சிலுவைச் சின்னத்தை அணிந்திருந்தது பின்னர் வெளியானது. போர்க்களத்தில் அந்தச் சின்னத்தை நம்பித்தான் மருத்துவர்கள் உயிரோடு நடமாடுகிறார்கள். அதை ஏமாற்றுக்குப் பயன்படுத்தியது சிறிய பிழை அல்ல.

‘பொய் வெற்றிகள்’ என்று சொல்கிறார்களே, அது என்ன? அதில் அவருக்குப் பங்கு உண்டா?

இந்த நூலைப் படிக்கிறவர்கள் தவிர்க்கவே கூடாத கேள்வி இதுதான். எத்தனை கெரில்லாக்களைக் கொன்றாய் என்பதை வைத்தே ஒரு படைப்பிரிவின் திறமை அளக்கப்பட்டது. பிணம் காட்டினால் விடுப்பு, பரிசு, பதவி உயர்வு. உயிரோடு பிடித்தால் அந்த அளவு மதிப்பில்லை. விளைவு, ராணுவத்தினர் அப்பாவிகளைக் கொன்று கெரில்லா உடை மாட்டிக் கணக்குக் காட்டத் தொடங்கினார்கள்.

2008-இல் பொகோட்டாவை ஒட்டிய சோவாச்சா என்ற ஏழைப் புறநகரிலிருந்து இளைஞர்கள் வேலை தருவதாக ஆசைகாட்டி அழைத்துச் செல்லப்பட்டார்கள். பல நூறு கிலோமீட்டருக்கு அப்பால், ஒக்கான்யா பகுதியில், சண்டையில் மாண்ட கெரில்லாக்கள் என்று அவர்களின் உடல்கள் புதைக்கப்பட்டிருந்தன. இப்படிக் கொல்லப்பட்டவர்கள் சிலரின் ரப்பர் பூட்ஸ் இடம் வலம் மாறி மாட்டப்பட்டிருந்தது. தாய்மார்கள் கேள்வி கேட்டார்கள், மிரட்டப்பட்டார்கள், மேலும் கேட்டார்கள். 2002 முதல் 2008 வரை குறைந்தது 6,402 பேர் இப்படிக் கொல்லப்பட்டதாக, சமாதான ஒப்பந்தத்தின்படி அமைந்த சமாதானத்துக்கான சிறப்பு நீதிமன்றம் 2021-இல் அறிவித்தது. சாண்டோஸ் பாதுகாப்பு அமைச்சராக இருந்த காலம் இந்தக் கணக்குக்குள் வருகிறது.

அவர் தரப்பு விளக்கம்: முதலில் வதந்தி என்று நினைத்தேன், ஆதாரம் வந்ததும் நடவடிக்கை எடுத்தேன். பிணக்கணக்கை விடச் சரணடைதலுக்கும் கைதுக்கும் முன்னுரிமை தரும் உத்தரவு 2007-இல் போடப்பட்டது உண்மை. 2008 அக்டோபரில் மூன்று ஜெனரல்கள் உட்பட 27 பேர் பதவி நீக்கப்பட்டதும் உண்மை. 2021 ஜூனில் உண்மை ஆணையத்தின் முன் அமர்ந்து, தான் அமைச்சராக இருந்தபோதும் இது நடந்ததை ஒப்புக்கொண்டு, தாய்மார்களிடம் மன்னிப்புக் கேட்டார்.

என் கருத்தைக் கேட்டால், மன்னிப்பு மனப்பூர்வமானது என்றே எடுத்துக்கொள்கிறேன். ஆனால் ஒரு அமைச்சர் வதந்தி என்று தள்ளிய ஒவ்வொரு மாதத்துக்கும் விலை கொடுத்தது வேறு யாரோ பெற்ற பிள்ளைகள். நூலின் இந்தப் பகுதியை வாசிக்கும்போது சோவாச்சா தாய்மார்களின் வாக்குமூலங்களையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அமைச்சரின் மேசையிலிருந்து பார்த்தால் தெரியாதவை அவற்றில் இருக்கின்றன.

இத்தனை கடுமையாகப் போரிட்டவர் ஏன் பேச்சுக்குப் போனார்?

அவர் சொல்லும் காரணங்கள் மூன்று. படைபலம் அரசின் பக்கம் சாய்ந்திருக்க வேண்டும். கெரில்லாத் தலைவர்களுக்கே இனிப் போரைவிடப் பேச்சு மேல் என்று பட வேண்டும். அண்டை நாடுகளின் ஒத்துழைப்பு வேண்டும். 2010-இல் இந்த மூன்றும் கூடி வரும் என்று அவர் கணித்தார். குடியரசுத் தலைவராகப் பதவியேற்ற மூன்றாம் நாளே, விடுதலை வீரர் சீமோன் பொலிவார் உயிர்நீத்த சாந்தா மார்த்தாப் பண்ணை வீட்டில் வெனிசுவேலாத் தலைவர் ஹ்யூகோ சாவேஸைச் சந்தித்து முறிந்த உறவைப் புதுப்பித்தார். முந்தைய ஆண்டு வரை இருவரும் பகிரங்கமாகத் திட்டிக்கொண்டவர்கள்.

இன்னொன்றும் உண்டு. ‘இந்த நாட்டில் ஆயுத மோதல் இருக்கிறது’ என்பதையே உரிபே ஒப்புக்கொள்ளவில்லை. பயங்கரவாதம் மட்டுமே இருப்பதாகச் சொன்னார். சாண்டோஸ் 2011-இல் பாதிக்கப்பட்டோர், நில மீட்புச் சட்டத்தைக் கொண்டுவந்து, மோதல் உண்டு, அரசுப் படைகளால் பாதிக்கப்பட்டவர்களும் அதில் உண்டு என்று எழுத்தில் வைத்தார். பேச்சுக்கான அடித்தளம் அங்கே போடப்பட்டது என்பது என் வாசிப்பு.

ஹவானாப் பேச்சு எப்படி நடந்தது?

ரகசியமாகத் தொடங்கியது. தொடர்பு ஏற்பட்டிருந்த நிலையிலேயே, 2011 நவம்பரில் ஃபார்க் தலைவர் அல்ஃபோன்சோ கானோவை ராணுவம் கொன்றது. அனுமதி கொடுத்தவர் சாண்டோஸ். அதன் பிறகும் ஃபார்க் விலகவில்லை. புதிய தலைவர் ‘டிமோசென்கோ’ என்ற ரொத்ரிகோ லொந்தோன்யோ தொடர்ந்தார். 2012 பிப்ரவரி முதல் ஆகஸ்ட் வரை ஹவானாவில் வெளியே தெரியாமல் பேசி, நிகழ்ச்சி நிரலை மட்டும் முடிவு செய்தார்கள்: நிலம், அரசியல் பங்கேற்பு, போர் முடிவு, போதைப்பொருள், பாதிக்கப்பட்டோர், இவற்றை நிறைவேற்றும் முறை. நாட்டின் பொருளாதார அமைப்பும் ராணுவத்தின் எதிர்காலமும் பேச்சுக்கு வராது என்று முன்பே வரையறுத்தார்கள். பாஸ்த்ரானா காலத்தில் இந்த எல்லை இல்லாததால்தான் எல்லாவற்றையும் பேசி எதையும் முடிக்காமல் போனார்கள்.

அரசுத் தரப்பில் ஹும்பெர்த்தோ தெ லா கய்யேவும் செர்ஹியோ ஹராமில்யோவும், ஃபார்க் தரப்பில் இவான் மார்க்கெஸும் தலைமை வகித்தார்கள். எல்லாம் ஒப்புக்கொள்ளப்படும் வரை எதுவும் ஒப்புக்கொள்ளப்பட்டதாகாது என்பது விதி. 2014-இல் பாதிக்கப்பட்டவர்கள் 60 பேர், பன்னிருவர் பன்னிருவராக ஐந்து முறை ஹவானா சென்று, தங்கள் வீட்டில் நடந்ததை மேசைக்கு எதிரே உட்கார்ந்து சொன்னார்கள். பேச்சின் போக்கை அது மாற்றியது என்று இரு தரப்பினருமே பிறகு சொல்லியிருக்கிறார்கள்.

பேசிக்கொண்டே சண்டையும் போட்டார்களா?

ஆம், 2016 வரை. போர்நிறுத்தம் தந்தால் கெரில்லாக்கள் அந்த ஓய்வில் பலம் திரட்டுவார்கள் என்ற அச்சம். இதற்கும் உயிர்கள்தான் விலை. 2015 ஏப்ரலில் கௌகா மாவட்டத்தில், ஃபார்க் தானாக அறிவித்த போர்நிறுத்தத்தின் நடுவே, 11 ராணுவத்தினர் கொல்லப்பட்டார்கள். அடுத்த மாதமே விமானத் தாக்குதலில் இருபதுக்கும் மேற்பட்ட கெரில்லாக்கள். பேச்சு அன்றே முறிந்திருக்கலாம்.

மக்களே ஒப்பந்தத்தை நிராகரித்தார்களே?

2016 செப்டம்பர் 26 அன்று கார்த்தஹேனாவில், தோட்டாவிலிருந்து செய்த பேனாவால் 297 பக்க ஒப்பந்தத்தில் கையெழுத்தானது. ஆறு நாள் கழித்து, அக்டோபர் 2 பொது வாக்கெடுப்பில் ‘வேண்டாம்’ 50.2 விழுக்காடு, ‘வேண்டும்’ 49.8. வித்தியாசம் சுமார் 54,000 ஓட்டு. வாக்களித்தவர்களே 38 விழுக்காட்டுக்கும் குறைவு. கரீபியக் கரையோரத்தில் அன்று புயல் மழை வேறு.

தளபதிகளுக்குச் சிறை இல்லை, தேர்தலில் தோற்றாலும் நாடாளுமன்றத்தில் பத்து இடம் என்பவை பலருக்குப் பொறுக்கவில்லை. அந்தக் கோபத்தை நான் குறைத்து மதிப்பிட மாட்டேன். ஆனால் பொய்ப் பிரசாரமும் ஏராளம்; மக்களை ஆத்திரப்படுத்தி ஓட்டுப்போட வைப்பதே திட்டம் என்று ‘வேண்டாம்’ தரப்பின் பிரசார மேலாளரே பின்னர் செய்தித்தாளுக்குச் சொன்னார்.

போஹாயாவைப் பாருங்கள். சொக்கோ மாவட்டத்தில் அத்ராத்தோ ஆற்றங்கரை ஊர். 2002 மே 2 அன்று ஃபார்க்குக்கும் வலதுசாரிக் குழுவுக்கும் நடந்த சண்டைக்குப் பயந்து மக்கள் தேவாலயத்துக்குள் ஒதுங்கியிருந்தார்கள். ஃபார்க் ஏவிய, வெடிமருந்து நிரப்பிய எரிவாயு சிலிண்டர் கூரையைப் பிய்த்துக்கொண்டு உள்ளே விழுந்து வெடித்தது. எண்பது பேர் அளவில் மாண்டார்கள், பாதிக்கு மேல் குழந்தைகள். ஆபத்து வரப்போகிறது என்று அரசுக்கு முன்கூட்டியே எச்சரிக்கை போயிருந்தும் யாரும் வரவில்லை. அந்த ஊரில் ‘வேண்டும்’ என்று போட்டவர்கள் சுமார் 96 விழுக்காடு. போரைத் தொலைக்காட்சியில் பார்த்த பல நகரங்கள் மறுத்தன. போர் வீட்டுக்குள் விழுந்த ஊர் சம்மதித்தது.

வாக்கெடுப்பு நடந்து ஐந்து நாள் கழித்து சாண்டோஸுக்கு நோபல் அமைதிப் பரிசு அறிவிக்கப்பட்டது. பரிசுத்தொகையைப் பாதிக்கப்பட்டோருக்கே தருவதாக சாண்டோஸ் போஹாயாவில் நின்று சொன்னார். எதிர்ப்பாளர்களின் ஆலோசனைகளில் பலவற்றைச் சேர்த்துத் திருத்திய ஒப்பந்தம் நவம்பர் 24 அன்று கையெழுத்தாகி, நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. இரண்டாம் முறை மக்களிடம் போகவில்லை. சட்டப்படி அது சரி. ஆனால் அந்தக் குறை ஒப்பந்தத்தை இன்றுவரை பின்தொடர்கிறது.

ஆயுதங்கள் என்ன ஆயின?

ஐ.நா. பார்வையாளர்கள் 8,994 ஆயுதங்களைப் பெற்றுக்கொண்டார்கள். உருக்கியதில் ஒரு பகுதி பொகோட்டாவில் சிற்பி டோரிஸ் சால்செதோவின் கையில் தரைத் தகடுகளாயிற்று. போரில் பாலியல் வன்கொடுமைக்கு ஆளான பெண்கள் சுத்தியலால் அடித்த தடங்கள்தான் அந்தத் தகடுகளின் வார்ப்பு. பார்வையாளர்கள் அதன் மேல் நடக்கிறார்கள்.

குற்றம் செய்தவர்கள் தப்பித்துவிட்டார்களா?

சிறப்பு நீதிமன்றத்தின் விதி: முழு உண்மையையும் ஒப்புக்கொண்டு ஈடுசெய்தால் ஐந்து முதல் எட்டு ஆண்டு வரை நடமாட்டக் கட்டுப்பாட்டுடன் சீரமைப்புப் பணி, மறுத்துப் பிறகு நிரூபணமானால் 20 ஆண்டு வரை சிறை. கெரில்லாக்களுக்கு மட்டுமல்ல, ராணுவத்தினருக்கும் இதே நீதிமன்றம்தான். கடத்தல் வழக்கில் 21,000-க்கும் மேற்பட்ட பாதிக்கப்பட்டோரை அது அடையாளம் கண்டது. 2025 செப்டம்பரில் ஃபார்க்கின் முன்னாள் தலைமைக் குழுவினர் ஏழு பேருக்கு எட்டாண்டுத் தண்டனை விதித்தது. போதுமா என்று கேட்டால், கடத்தப்பட்டவர்களிலேயே இரண்டு கருத்தும் உண்டு.

ஹவானாப் பேச்சுக்கு உதவியது இலங்கையில் இருந்த அதே நார்வேதானா?

அதே நாடுதான். 2002 இலங்கைப் போர்நிறுத்தத்தில் நார்வே நடுவில் நின்று செய்தி கொண்டு போனது. ஹவானாவில் இரு தரப்பும் நேருக்கு நேர் பேசின; நார்வேயும் கியூபாவும் உத்தரவாதம் தரும் நாடுகளாக அறையில் இருந்தன. வெனிசுவேலாவும் சிலியும் உடன் நின்றன. கியூபா மீது கெரில்லாக்களுக்கும் நார்வே மீது அரசுக்கும் நம்பிக்கை இருந்தது. இந்த இரட்டை ஏற்பாடு இலங்கையில் அமையவில்லை.

இப்போது போர் முடிந்துவிட்டதா?

ஃபார்க்குடனான போர் முடிந்தது. மற்றவை முடியவில்லை. இவான் மார்க்கெஸ் 2019-இல் மீண்டும் ஆயுதம் ஏந்தினார். ஒப்பந்தத்தை ஏற்காத பிரிவுகளும் இஎல்என்னும் போதைக் கும்பல்களும் ஃபார்க் விட்டுச்சென்ற இடங்களைப் பிடித்தன. 2025 ஜனவரியில் வெனிசுவேலா எல்லையோரக் கத்தாத்தும்போ பகுதியில் மட்டும் பல்லாயிரம் பேர் வீடிழந்தார்கள். ஆயுதத்தைக் கீழே வைத்த முன்னாள் ஃபார்க் போராளிகளில் 400-க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டிருக்கிறார்கள். நிலச் சீர்திருத்தம்தான் மிகவும் பின்தங்கியிருக்கிறது. போர் தொடங்கியதே அதில்.

நூலில் எதை அப்படியே ஏற்கலாம், எதைச் சரிபார்க்க வேண்டும்?

பேச்சை வடிவமைத்த விதம், சர்வதேச ஆலோசகர்களைக் கேட்ட விதம், எப்போது ரகசியம், எப்போது பகிரங்கம் என்ற கணக்கு: இவற்றில் இவரைவிட நெருக்கமான சாட்சி கிடையாது. உரிபேயைப் பற்றிய பகுதிகளை ஒரு தரப்பு என்றே படியுங்கள். உரிபேயின் பெயரால் வென்றவர் திசை மாறினார் என்ற எதிர்த்தரப்புக் குற்றச்சாட்டில் விஷயம் இல்லாமல் இல்லை; 2016 டிசம்பரில் போப் பிரான்சிஸ் இருவரையும் வத்திக்கானில் ஒன்றாக உட்காரவைத்தும் சமரசம் ஆகவில்லை. 2010 பிரசாரத்தில் பிரேசிலின் ஓடெப்ரெக்ட் கட்டுமான நிறுவனப் பணம் புழங்கிய விவகாரத்தில், தனக்குத் தெரியாமல் நடந்தது என்று சொல்லி 2017-இல் வருத்தம் தெரிவித்தார். தேர்தல் நிதி பற்றி அறிய வேறு நூல்களுக்குத்தான் போக வேண்டும்.

எங்கிருந்து படிக்கத் தொடங்கலாம்?

நேரம் குறைவென்றால் ஹவானாப் பகுதிகளை முதலில் படியுங்கள். அடுத்து, பாதிரியார் பிரான்சிஸ்கோ தெ ரூ தலைமையிலான உண்மை ஆணையத்தின் 2022 அறிக்கையில் பாதிக்கப்பட்டோரின் சாட்சியங்கள் உள்ள தொகுதி. அதன் பிறகு சாண்டோஸின் பாதுகாப்பு அமைச்சர் காலத்துக்குத் திரும்புங்கள். அந்த வரிசையில் படித்தால் அவர் எங்கே விரிவாகப் பேசுகிறார், எங்கே வேகமாகக் கடக்கிறார் என்பது தானே தெரியும்.